வீட்டில் சுக்குமல்லிக் காப்பி தயாரித்தல்: விழுப்புரம், திண்டிவனம் வட்டாரக் குடித்தனங்களுக்குச் சில குறிப்புகள்

ஐப்பசி மாதத்தில் வடகிழக்குப் பருவமழை பிடித்தது முதல் மாசிப் பனி விலகும் வரையில், விழுப்புரம், திண்டிவனம் வட்டாரங்களில் சுக்குமல்லிக் காப்பி வழங்காத கிராமம் இல்லையென்றே சொல்லலாம். விடியற்காலையில் நடவுக்கு இறங்கும் ஆட்களுக்கும், கரும்பு வெட்டுக்கு வருபவர்களுக்கும், மழை மிகுந்த இரவுகளில் ஏரிக்கரையைக் காவல் காப்பவர்களுக்கும் இதுவே முதலில் கொடுக்கப்படுவது. பஸ் நிலையங்களில் மாலைக்கு மேல் மிதிவண்டியில் பித்தளைப் பாத்திரத்தைக் கட்டிக்கொண்டு விற்பவர்களையும் காணலாம். இவ்வளவு பழக்கமான ஒரு பானத்தைப்பற்றி விவசாயப் பத்திரிகையில் எழுதுவானேன் என்று சிலர் கேட்கக்கூடும். இதில் சேரும் சரக்குகள் யாவும் நிலத்தின் விளைபொருள்கள். அவற்றுள் முக்கியமான இனிப்போ, நிலச்சுவான்தார்களின் வரப்பிலேயே நிற்கும் பனையிலிருந்து வருவது. அப்படியிருந்தும், பொடியைப் பொட்டணமாயும் வெல்லத்தைக் கலப்படத்தோடும் காசு கொடுத்து வாங்குவதே வரவர வழக்கமாகி வருகிறது. வரப்பிலுள்ள பனையோ செங்கற் சூளைக்குப் போகிறது. ஆகவே இவ்விஷயம் அடுப்பங்கரையோடு முடிவதன்று.

முதலில் பெயரைப்பற்றி ஒரு வார்த்தை. சுக்குமல்லிக் காப்பி என்று நாம் சொல்லுவதில் பெரும்பாலும் காப்பிக் கொட்டை சேருவதே கிடையாது. சுக்கும் கொத்தமல்லியும் சேர்ந்த கஷாயம் நம் நாட்டில் தொன்றுதொட்டு உள்ளது. காப்பி குடிக்கும் வழக்கம் கிராமங்களில் பரவிய பின்னர், நிறத்தாலும் சூடாய்ப் பருகும் முறையாலும் ஒத்திருந்ததுபற்றி இக்கஷாயத்திற்கும் காப்பி என்னும் பெயர் ஒட்டிக்கொண்டது. உண்மையான காப்பிப் பொடியுடன் சுக்கு, மிளகு, ஏலம் முதலியவற்றைக் கூட்டிக் காய்ச்சுவது மற்றொரு வகை. அரபு நாட்டார் காப்பியில் ஏலம் சேர்ப்பார்கள். ஏமன் தேசத்தில் காப்பிப் பழத்தின் உலர்ந்த தோலை இஞ்சியுடன் கொதிக்கவைத்துக் கிஷிர் என்று அருந்துகிறார்கள். யாழ்ப்பாணத் தமிழர்கள் காப்பிக் கொட்டையுடன் கொத்தமல்லியையும் வறுத்துச் சேர்த்திடித்து வைத்துக்கொள்வதுண்டு. ஆகையால் இரண்டு வகையும் முறையானவையே. எதை எப்பொழுது அருந்துவது என்பதுதான் வித்தியாசம். காப்பிக் கொட்டை சேராத கஷாயத்தில் உறக்கத்தைக் கெடுக்கும் காபின் என்னும் சத்து இல்லாமையால், இரவிலும் அதனைப் பருகலாம்.

சரக்குகளைத் தெரிந்தெடுத்தல்

கொத்தமல்லியில் பருத்த விதை, சிறுத்த விதை என இருவகை கடையில் கிடைக்கும். பார்வைக்குப் பருத்ததே நன்றாயிருக்கும். ஆனால் மணந்தரும் எண்ணெய் சிறுத்த விதையிலேயே மிகுதி. இரண்டு விதைகளைக் கையில் நசுக்கி முகர்ந்தால் வேற்றுமை உடனே விளங்கும். தமிழ்நாட்டில் மானாவாரிக் கொத்தமல்லி மிகுதியாய் விளைவது தூத்துக்குடி, விருதுநகர் மாவட்டங்களின் கரிசல் நிலத்தில். ராஜஸ்தான், மத்தியப் பிரதேசம், குஜராத் ஆகிய மாநிலங்களிலிருந்தும் வருகிறது. நம் வட்டாரத்தில் ஈரம் காக்கும் கரிசல் மண் உள்ளவர்கள் வீட்டுத் தேவைக்கென்று ஒரு சிறு பாத்தியில் ஐப்பசியில் விதைத்துப் பார்க்கலாம். விதையை அப்படியே இடாமல், மனையில் வைத்து மெல்லத் தேய்த்து இரு பாதியாய்ப் பிளந்து விதைக்கவேண்டும். முழு விதை சீராய் முளைப்பதில்லை. ஏறக்குறைய 90 முதல் 110 நாளில் அறுவடைக்கு வரும். காய்கள் பசுமை மாறி மஞ்சள் படரத் தொடங்கும்போதே அறுத்து நிழலில் உலர்த்துவது நல்லது. முற்றிலும் காயவிட்டு அறுத்தால் விதை உதிர்வதுடன் நிறமும் மங்கும்.

சுக்கு விஷயத்தில் அதிக எச்சரிக்கை வேண்டும். கடைகளில் சுண்ணாம்பு பூசிய வெள்ளைச் சுக்கும், பூசாத பழுப்புநிறச் சுக்கும் உண்டு. வெண்மையைக் கண்டு மயங்காது, பூசாததையே வாங்குக. ஒடித்தால் சடக்கென்று ஒடியவேண்டும். வளைந்தால் ஈரம் உள்ளதென்று கொள்க. மேற்புறத்தில் ஊசித் துளைகளும், பையின் அடியில் மெல்லிய மாவும் காணப்பட்டால் வண்டு விழுந்த சரக்கு. விலை குறைவென்று அதனை எடுக்கலாகாது. வைத்தியர்கள் சுக்கின் மேல்தோலைச் சீவிய பின்னரே உபயோகிப்பார்கள். தோலில் மண்ணும் பூசிய சுண்ணாம்பும் தங்குமாகையால் வீட்டிலும் அவ்வாறே செய்க. பச்சை இஞ்சியைவிடச் சுக்கில் காரம் மிகுந்திருப்பதற்குக் காரணம், இஞ்சியிலுள்ள ஜிஞ்சரால் என்னும் பொருள் உலரும்போது ஒரு பகுதி ஷோகால் என்னும் அதிகக் காரமான பொருளாய் மாறுவதேயாகும். ஆதலால் இஞ்சிக்குப் பதில் அதே எடைச் சுக்கை இடுவது தவறு. மிகக் குறைத்தே இடவேண்டும்.

மிளகு கனமாயும் கறுப்பாயும் இருக்கவேண்டும். தண்ணீரில் இட்டால் மிதப்பவற்றில் பதரும் பப்பாளி விதையும் கலந்திருக்கும். ஏலத்தில் பச்சைநிறம் மாறாதது சிறந்தது. திப்பிலியும் சித்தரத்தையும் இருமல் உள்ள வீடுகளில் சிறிது சேர்க்கிறார்கள். எல்லோருக்கும் அவசியமில்லை.

அளவும் இடிக்கும் முறையும்

நடுத்தரக் காரமுள்ள பொடிக்குக் கொத்தமல்லி 350 கிராம், சுக்கு 105 கிராம், மிளகு 35 கிராம், ஏலம் 17 கிராம் என்பது நிதானமான அளவு. இந்த எண்கள் முழுமையற்றவையாய்த் தோன்றுவதற்குக் காரணம், இவை பழைய பலக் கணக்கில் அமைந்தவை. ஒரு பலம் 35 கிராம். 40 பலம் ஒரு வீசை. அதன்படி மல்லி 10 பலம், சுக்கு 3 பலம், மிளகு 1 பலம், ஏலம் அரைப் பலம் என்று வீட்டுப் பெரியவர்கள் எளிதில் நினைவில் வைத்துக்கொள்ளலாம். இதனால் அரைக் கிலோவுக்குச் சற்று மேற்பட்ட பொடி கிடைக்கும். தம்ளருக்கு ஒரு தேக்கரண்டி என்றால் ஏறக்குறைய 200 தம்ளருக்குப் போதுமானது. ஐந்து பேர் உள்ள குடும்பத்தில் நாளொன்றுக்கு ஒருவேளை வீதம் 40 நாள் வரும். இதற்கு மேல் ஒரே தடவையில் இடிப்பது சரியன்று. பொடி பழகப் பழக மணம் குன்றும்.

கொத்தமல்லியைக் கல்லும் காம்பும் நீக்கி, ஒருநாள் வெயிலில் காயவைத்து, கனமான இரும்புச் சட்டியில் சிறு தீயில் வறுக்கவேண்டும். மணம் எழுந்து நிறம் சற்றே மாறியவுடன் இறக்கிவிடுக. கறுக்க வறுத்தால் காப்பியின் நிறம் கிடைக்கும் என்று சிலர் நெடுநேரம் வறுக்கிறார்கள். நிறம் கிடைப்பது உண்மை. மணந்தரும் எண்ணெய் புகையோடு போய்விடுவதும் உண்மை. நிறத்திற்குப் பனைவெல்லமே போதும். மிளகை வெறுஞ் சூட்டில் புரட்டினால் போதுமானது. சுக்கையும் ஏலத்தையும் வறுக்கவேண்டியதில்லை.

சுக்கைத் தனியே கல்லுரலில் தட்டி நார் பிரியும்படி இடித்துச் சலித்துக்கொண்டு, பின்பு மற்றவற்றைச் சேர்த்திடிக்கவேண்டும். சல்லடையில் தங்கும் நாரை எறியாமல் வைத்திருந்து, தண்ணீர் கொதிக்கும்போது அதில் போட்டு எடுக்கலாம். பொடி ரவை பதமாயிருத்தல் வேண்டும். மாவுபோல் அரைத்தால் தம்ளரின் அடியில் குழம்பாய்த் தங்கி, கடைசி வாயைக் குடிக்க முடியாமற் செய்யும். மாவு மில்லில் அரைக்கக் கொடுப்பவர்கள், மிளகாய் அரைத்த இயந்திரத்தில் அடுத்தபடியாய்க் கொடுக்காமலிருக்கும்படி பார்த்துக்கொள்வது நல்லது. அரைத்த சூடு ஆறியபின் கண்ணாடிச் சாடியிலோ பீங்கான் ஜாடியிலோ அடைத்து வைக்கவேண்டும். ஈரக் கரண்டி ஒரு தடவை பட்டாலும் மழைக்காலத்தில் பூசணம் பிடித்துவிடும்.

காய்ச்சும் வகை

நாலு தம்ளர் வேண்டுமானால் ஐந்து தம்ளர் தண்ணீரை அடுப்பிலேற்றி, கொதி வந்தபின் நாலு தேக்கரண்டிப் பொடியை இட்டு, சிறு தீயில் ஒரு தம்ளர் அளவு சுண்டும்வரை வைத்திருக்கவேண்டும். பாத்திரத்தை மூடியே வைக்க. திறந்து வைத்துக் கொதிக்கவிட்டால் தெருவெல்லாம் மணக்கும். தம்ளரில் மணம் இராது. பனைவெல்லம் ஏறக்குறைய 80 கிராமைச் சிறிது வெந்நீரில் தனியாய்க் கரைத்து, மண்ணும் ஓலைத் துணுக்கும் போகத் துணியில் வடிகட்டி, கஷாயத்தை இறக்குந் தறுவாயில் சேர்க்கவேண்டும். வெல்லத்தை நேரே போட்டுக் காய்ச்சுவதால் அடியில் மணல் நிற்பதைப் பலரும் அறிவார்கள்.

காப்பி கூட்டிக் காய்ச்ச விரும்புவோர், மேற்கூறிய பொடியைப் பாதியாய்க் குறைத்துக்கொண்டு, கஷாயம் சுண்டியபின் அடுப்பிலிருந்து இறக்கி, இரண்டு அல்லது மூன்று தேக்கரண்டிக் காப்பிப் பொடியைத் தூவி, மூடி, இரண்டு நிமிஷம் விடவேண்டும். சிறிது குளிர்ந்த நீரைத் தெளித்தால் மண்டி அடியில் இறங்கும். பிறகு துணியில் வடிகட்டுக. காப்பிப் பொடியைச் சரக்குகளோடு சேர்த்துக் கொதிக்கவைத்தால் கசப்பு முந்திக்கொள்ளும். சுக்குப் பொடியைக் காப்பிப் பில்டரில் கலந்து போடுவதும் கூடாது. அது ஈரத்தில் ஊறிப் பில்டரின் துளைகளை அடைத்துவிடும். டிகாக்ஷன் இறங்கவே மாட்டாது. பில்டர்க் காப்பியே வேண்டும் என்பவர்கள், நசுக்கிய ஏலத்தையும் சுக்குத் துண்டையும் பாலில் இட்டுக் காய்ச்சி வடிகட்டிக்கொண்டு, டிகாக்ஷனை வழக்கம்போல் கலந்துகொள்ளலாம்.

பால் சேர்ப்பதில் ஒரு தொல்லை உண்டு. பனைவெல்லம் இட்ட கஷாயத்தில் பாலை ஊற்றிக் கொதிக்கவைத்தால் திரிந்துபோகிறது. வெல்லத்திலுள்ள புளிப்பும் உப்புகளும் சூட்டில் பாலை உறையச் செய்வதே இதற்குக் காரணம். பச்சை இஞ்சியில் பாலைத் திரிக்கும் ஒரு நொதியும் உண்டு. அதனை முதலில் தண்ணீரில் கொதிக்கவைத்தால் அதன் வலி கெட்டுவிடும். ஆகையால் பாலைத் தனியே காய்ச்சி, வெல்லம் சேர்த்த கஷாயம் சற்று ஆறியபின் தம்ளரில் கலந்து, மறுபடி அடுப்பிலேற்றாமல் குடிப்பதே வழி. பால் சேர்க்காமல் அருந்துவதே இதற்கு ருசி என்பது இதை எழுதுபவரின் அபிப்பிராயம். யாழ்ப்பாணத்தில் பனங்கட்டியைக் கரைக்காமல் வாயில் ஒரு துண்டாய்க் கடித்துக்கொண்டு வெறுங் கஷாயத்தையோ தேநீரையோ பருகுவார்கள். வெல்லச் செலவு இதனால் பாதியாய்க் குறையும்.

கடையில் வாங்கும் காப்பிப் பொடியில் சிக்கரி கலந்திருப்பது பலருக்கும் தெரிந்ததே. காப்பியும் சிக்கரியும் கலந்த பொடியில் காப்பி நூற்றுக்கு 51 பங்குக்குக் குறையலாகாது என்பதும், கலப்பளவை உறையின்மேல் தெரிவிக்கவேண்டும் என்பதும் இந்திய உணவுப் பாதுகாப்பு மற்றும் தர நிர்ணய ஆணையத்தின் விதி. பெயர் அச்சிடாத பொட்டணத்தை வாங்கினால், ஒரு கண்ணாடித் தம்ளரில் குளிர்ந்த நீரை ஊற்றி அதன்மேல் சிறிது பொடியைத் தூவிப் பார்க்கலாம். காப்பிப் பொடி சற்றுநேரம் மிதக்கும். சிக்கரி உடனே பழுப்புநிற இழையை விட்டுக்கொண்டு கீழே இறங்கும். சேலத்தை அடுத்த ஏற்காட்டு மலையில் காப்பி விளைவதால், அங்கிருந்து கொட்டையாய் வாங்கி வீட்டில் வறுத்து அரைப்பது நம் வட்டாரத்தாருக்கு அரிய காரியமன்று.

இதனை மருந்தென்று கருதி ஏமாறுதல் கூடாது. தொண்டைக் கமறலுக்கும் மழையில் நனைந்த நடுக்கத்திற்கும் சுகமளிக்கும் என்பதில் ஐயமில்லை. ஆனால் மழைக்காலத்துக் காய்ச்சல் டெங்குவாயிருக்கலாம். வயற்சேற்றில் உழைப்பவர்களுக்கு எலிக்காய்ச்சலாயும் இருக்கலாம். இரண்டு நாளில் தணியாத காய்ச்சலுக்குச் சுக்குக் காப்பியை நம்பி வீட்டிலிருப்பது உயிருக்கு அபாயம். ஆரம்ப சுகாதார நிலையத்திற்குச் செல்லவேண்டும். வயிற்றுப் புண் உள்ளவர்களும், இரத்தம் உறையாதிருக்க மருந்து உண்பவர்களும், கர்ப்பிணிகளும் வைத்தியரைக் கேட்டே அருந்தவேண்டும். பனைவெல்லம் நீரிழிவுக்காரர்களுக்குத் தீங்கு செய்யாது என்று ஒரு பேச்சு நெடுங்காலமாய் உலவி வருகிறது. அது முற்றும் தவறு. பனைவெல்லத்திலும் பெரும் பகுதி சர்க்கரைச் சத்தே. நீரிழிவுள்ளவர்கள் இனிப்பின்றியே பருகவேண்டும்.

பனைவெல்லத்தைப்பற்றி

கரும்புவெல்லம் இட்டும் இக்காப்பி செய்யலாம். முண்டியம்பாக்கம் ஆலைக்குக் கரும்பு பயிரிடும் நம் வட்டாரத்தில் அது எளிதில் கிடைக்கவும் செய்யும். ஆயினும் சுக்கின் காரத்தைத் தாங்கும் கனமான சுவையும், கருநிறமும், இலேசான கார்ப்பு மணமும் பனைவெல்லத்திற்கே உரியவை. மேலும், கரும்புவெல்லம் பளீரென்று மஞ்சளாயிருந்தால் அதற்குச் சோடியம் ஹைட்ரோசல்பைட் என்னும் வெளுப்பு மருந்து இட்டிருக்கலாம் என்று சந்தேகிக்கவேண்டும். கறுத்த வெல்லமே வீட்டிற்கு ஏற்றது.

பனைவெல்லத்தில் நேரும் மோசடி வேறு விதம். பதநீர் குறைந்த காலத்தில் வெள்ளைச் சர்க்கரையைக் கரைத்துக் கொப்பரையில் சேர்த்துவிடுகிறார்கள். சர்க்கரை விலை பனைவெல்லத்தைவிட மிகவும் மலிவாகையால் இதில் இலாபம் அதிகம். இரண்டும் ஒரே இனச் சர்க்கரையாதலால் நாவாலும் கண்ணாலும் கண்டுபிடிப்பது கடினம். உடைத்த முகத்தில் மணிமணியாய் மின்னுவது கலப்பின் அறிகுறி என்பார்கள். வெறும் இனிப்பு முந்தி நின்று, பனையின் மணமும் சற்றே உவர்ந்த சுவையும் இல்லாதிருந்தாலும் ஐயப்படலாம். இவை முடிவான சோதனைகளல்ல. நம்பத்தக்க வழி ஒன்றே. கோடைப் பருவத்தில் மரமேறுபவரிடம் நேரே சென்று, கொப்பரை அடுப்பிலிருக்கும்போதே ஆண்டுக்கு வேண்டியதைச் சொல்லி வாங்கிவைத்துக்கொள்வது. விக்கிரவாண்டியை அடுத்த நரசிங்கனூர், பூரிகுடிசை முதலிய ஊர்களில் பனைத்தொழில் செய்வோர் இன்றும் இருக்கிறார்கள்.

அவர்களுடைய உழைப்பின் அளவை அறிந்தால் விலையைக் குறைத்துக் கேட்க மனம் வராது. பாளையைக் கடிப்பால் நசுக்கிப் பதப்படுத்தி, நாள்தோறும் ஏறி, மெல்லிய சீவலாய் அரிவாளால் சீவி, உட்புறம் சுண்ணாம்பு தடவிய கலயத்தைக் கட்டவேண்டும். சுண்ணாம்பு இல்லாவிடில் சில மணி நேரத்திலேயே பதநீர் புளித்துக் கள்ளாகிவிடும். பதநீரில் நூற்றுக்குச் சுமார் 12 பங்கே இனிப்பு. ஆகவே ஒரு கிலோ வெல்லத்திற்கு ஏறக்குறைய எட்டு லிட்டர் பதநீரைக் காய்ச்சவேண்டியிருக்கிறது. காய்ச்சுவது பெரும்பாலும் வீட்டுப் பெண்களின் வேலை. பொங்கி வழியும்போது ஆமணக்கு விதையை நசுக்கிச் சிறிது இடுவார்கள். பாகைத் தண்ணீரில் சொட்டிப் பார்த்து, உருண்டையாய்த் திரண்டு நின்றால் கொட்டாங்கச்சியில் ஊற்றுவார்கள். பதம் ஒரு நொடி தப்பினால் வெல்லம் இளகும் அல்லது தீய்ந்துவிடும்.

வாங்கிய வெல்லத்தைக் காப்பது அடுத்த விஷயம். 2024 நவம்பர் 30ல் பெஞ்சல் புயல் புதுச்சேரி அருகில் கரை கடந்தபோது, திண்டிவனத்தை அடுத்த மயிலத்தில் ஒரே நாளில் சுமார் 50 சென்டிமீட்டர் மழை பெய்தது. அத்தகைய ஈரக் காற்றில் மூடாமல் வைத்த பனைவெல்லம் கசிந்து ஓடிவிடும். பழைய வீடுகளில் ஓலைப் பெட்டியில் வைத்து அடுப்புக்கு மேலுள்ள பரணில் கட்டித் தொங்கவிடுவார்கள். புகையும் சூடும் ஈரத்தைத் தடுத்தன. எரிவாயு அடுப்புள்ள வீடுகளில் அந்த வசதி இல்லை. மண்பானையின் அடியில் உலர்ந்த வைக்கோலைப் பரப்பி, வெல்லத்தை ஓலையிலோ தாளிலோ சுற்றி அடுக்கி, வாயைத் துணியாலும் மூடியாலும் இறுகக் கட்டிவைத்தால் மழைக்காலம் முழுதும் தாங்கும்.

வரப்புப் பனைகள்

மேலே சொன்னவை யாவும் மரம் இருந்தால்தான். தஞ்சையில் பிறந்தவரும், 1934ல் வார்தாவில் ஏற்பட்ட அகில இந்திய கிராமக் கைத்தொழில் சங்கத்தை நடத்தியவருமான ஜே. சி. குமரப்பா அவர்கள், சர்க்கரைக்காக நல்ல நன்செய் நிலத்தைக் கரும்புக்கு ஒப்படைப்பதைவிட, ஒன்றும் விளையாத மேட்டிலும் வரப்பிலும் தானே நிற்கும் பனையிலிருந்து வெல்லம் எடுப்பது நாட்டுக்கு நன்மை என்று வற்புறுத்தி வந்தார். கரும்பால் வருமானம் பெறும் நம் விவசாயிகள் அதை முழுதும் ஏற்றுக்கொள்ளவேண்டும் என்று சொல்லவரவில்லை. வரப்புப் பனை கரும்புக்குப் போட்டியன்று; இரண்டும் ஒரே கையில் இருக்கலாம் என்பதே கவனிக்கத்தக்கது. தழை உச்சியில் மட்டும் உள்ளதால் அடியிலுள்ள மணிலாப் பயிருக்கு நிழல் அதிகம் விழுவதில்லை.

ஆனால் நடப்பது வேறு. மரமேற ஆள் இல்லை, மரத்தால் வருமானம் இல்லை, ஆகவே வெட்டி விற்பதே ஆதாயம் என்று நிலச்சொந்தக்காரர் கருதுகிறார். மரம் இல்லாததால் ஏறும் தொழிலை மகன் கற்பதில்லை. இவ்விரண்டில் எது முந்தியது என்று வாதிப்பதில் பயனில்லை; நிலச்சொந்தக்காரர் கையிலிருப்பது மரம் ஒன்றே. வெட்டிய பனைக்குச் சூளைக்காரர் ஒருமுறை கொடுக்கும் பணத்தையும், பல ஆண்டுகளுக்குப் பருவந்தோறும் வரக்கூடிய வாரத்தையும் ஒப்பிட்டுப் பார்க்கவேண்டும். மரம் ஏறுபவருக்கும் உடையவருக்கும் பங்கு பிரிக்கும் வழக்கம் ஊருக்கு ஊர் வேறுபடும். பணமாய் வாங்குவதைவிட வெல்லமாய் வாங்கிக்கொள்வதாய் முன்கூட்டியே பேசிக்கொண்டால், வீட்டிற்கு வேண்டிய கலப்பற்ற வெல்லமும் சேரும், ஏறுபவருக்கு முன்பணத் தொல்லையும் குறையும்.

கிராம அதிகாரிகள் இரண்டு செய்திகளை மனத்திற் கொள்ளவேண்டும். 2021 ஆகஸ்டில் சமர்ப்பிக்கப்பட்ட தமிழ்நாட்டின் முதல் வேளாண்மை நிதிநிலை அறிக்கையில், பனையை வெட்டுவதற்கு மாவட்ட ஆட்சியரின் அனுமதி கட்டாயம் என்று அறிவிக்கப்பட்டது. 76 இலட்சம் பனை விதைகளையும் ஒரு இலட்சம் கன்றுகளையும் வழங்குவதும் அப்போது அறிவிக்கப்பட்டதே. பட்டா நிலத்து மரந்தானே என்று இரவோடு இரவாய் வெட்டி வண்டியேற்றுவதைக் கண்டும் காணாமலிருப்பது முறையன்று. மற்றொன்று, பதநீரையும் கள்ளையும் பற்றியது. இம்மாநிலத்தில் 1987 ஜனவரி 1 முதல் கள் இறக்குவது தடுக்கப்பட்டுள்ளது. சுண்ணாம்புக் கலயத்தில் இறக்கும் பதநீர் கள்ளன்று. மரத்திலிருந்து இறங்கும் ஒவ்வொருவரையும் ஒரே கண்ணால் பார்த்து அலைக்கழித்தால், அடுத்த கோடையில் அந்த ஊருக்கு ஏறுவோர் வரமாட்டார்கள். கலயத்தின் உட்புறத்தைக் கவனித்தாலே உண்மை தெரிந்துவிடும்.

புதிதாய் நட விரும்புவோர், ஆவணி முதல் ஐப்பசி வரையில் நன்கு பழுத்து விழுந்த பழத்தின் கொட்டைகளைச் சேகரித்து, சதையை நீக்கி, தாமதமின்றி ஊன்றவேண்டும். வரப்பின் ஓரமாய்ப் பத்தடிக்கு ஒன்று வீதம், ஒரு சாண் ஆழத்தில் இட்டு மண் மூடினால் போதும். பருவமழையே முளைக்கச் செய்யும். தண்ணீர் ஊற்றவோ உரமிடவோ வேண்டியதில்லை. ஆடுமாடு மிதியாமல் முதல் சில ஆண்டு முள் கட்டிவைக்கவேண்டும். பாளை சீவும் பருவத்திற்கு வர 15 முதல் 20 ஆண்டு செல்லும். ஆண் மரமா பெண் மரமா என்பது அப்போதுதான் தெரியும். இரண்டிலும் பதநீர் இறக்கலாம். தை மாதத்தில் கிழங்குக்காக வரப்பைக் கிளறும் வழக்கம் நம் ஊர்களில் உண்டாகையால், கிழங்கு வேண்டுமென்பவர்கள் வீட்டுக் கொல்லையில் தனி மேடு போட்டுக் கொட்டையைப் புதைத்துக்கொண்டு, வரப்பில் ஊன்றியவற்றைத் தொடாது விட்டுவிடவேண்டும்.